நெவிலின் இடது கை

ஷெஃபீல்ட்
11 செப்டம்பர் 2023

அன்புள்ள நெவில்,

ஆறு தடவை போன் செய்தேன். ஆறு தடவையும் மணி அடித்து ஓய்ந்தது. நீங்கள் பக்கத்திலேயே உட்கார்ந்து, என் பெயரைப் பார்த்துவிட்டு, போனைக் கவிழ்த்து வைத்திருப்பீர்கள் என்று எனக்குத் தெரியும். அதனால்தான் கடிதம்.

நீங்கள் ஊரையே விட்டுப் போய்விட்டீர்கள் என்று கீழே பேப்பர் கடைக்காரர் சொல்லித்தான் தெரிந்துகொண்டேன். ஒன்பது வருஷம் செவ்வாய்க்கிழமைதோறும் என் எதிரே உட்கார்ந்தவர் நீங்கள். உங்கள் அக்கா வீட்டு விலாசத்தை நான் பால் வாங்கப் போன இடத்தில் கேட்டு வாங்க வேண்டியிருக்கிறது. பரவாயில்லை.

ஏப்ரலில் நான் பேசியது தப்புதான். "மரக்கட்டை மாதிரி உட்கார்ந்திருக்கீங்க, முகத்துல ஒண்ணுமே இல்ல, நான் எதைத்தான் வரையறது" என்று கேட்டேன். தொடர்ந்து ஆறு வாரமாகப் படங்கள் உயிரில்லாமல் வந்துகொண்டிருந்தன. எரிச்சலை உங்கள் மேல் கொட்டினேன். ஆனால் நீங்களும் சும்மா போகவில்லையே. கோட்டை மாட்டிக்கொண்டே, "நீ என்னைப் பார்க்கறதே இல்ல" என்று சொல்லிவிட்டுப் போனீர்கள். உங்களைப் பார்ப்பதைத் தவிர வேறு வேலையே செய்யாதவளிடம் சொல்லக்கூடிய வார்த்தையா அது? ஐந்து மாதமாக அது என் கூடவே இருக்கிறது.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். மார்ச் மாதம் நகரத்துக் கலைக்கூடத்தில் என் கண்காட்சி. நீங்கள் உட்கார்ந்த படங்கள் மட்டும், மொத்தம் முந்நூற்று எழுபத்தெட்டு. தேதி வாரியாக மாட்டப் போகிறேன். உங்கள் சம்மதம் இல்லாமல் ஒன்றைக்கூட மாட்ட மாட்டேன். சம்மதம் என்று ஒரு வரி எழுதி அனுப்புங்கள். திட்டி இன்னும் இரண்டு வரி எழுதினாலும் படிக்கிறேன்.

ப்ரையனி

*

பிரிட்லிங்டன்
18 செப்டம்பர்

ப்ரையனி,

சம்மதம். மாட்டிக்கோ.

இதோட முடிச்சிருப்பேன். டோரீன் அக்கா எட்டிப் பார்த்துட்டு, "ஒரு வரிக்கு ஒரு ஸ்டாம்பா? ஒழுங்கா எழுதுடா"ங்கிறா. அறுபத்தெட்டு வயசுல எனக்கு வீட்டுப்பாடம் வைக்கிறா.

ஊர் நல்லாத்தான் இருக்கு. கடல்காக்கைங்க கையில இருக்கிற சிப்ஸைப் பிடுங்கிட்டுப் போகுது. முன்னெல்லாம் கையை வீசி விரட்டுவேன். இப்ப நான் வீசறதுக்குள்ள அது தின்னே முடிச்சிடுது. அக்கா சமைக்கிற முட்டைக்கோஸை அதுங்ககூடத் தொடாது.

போனை நான் கவிழ்த்து வைக்கல. உறைக்குள்ள போட்டு டிராயர்ல வெச்சேன். நீ சொன்னது எனக்கு வலிச்சுது கண்ணு. என் பொண்டாட்டி பாலின் செத்துப் போன அடுத்த வருஷம், பேப்பர் கடைக் கண்ணாடியில நீ ஒட்டியிருந்த சீட்டைப் பார்த்து வந்தவன் நான். "அசையாமல் உட்காரத் தெரிந்த ஒருவர் தேவை"ன்னு எழுதியிருந்த. டிராம் ஓட்டறவனுக்கு அது ஒண்ணு நல்லாத் தெரியும். கொரோனா அடைப்பு மாசங்களை விட்டா, மழை, பனி, சளி எதுக்கும் ஒரு செவ்வாய் தப்பினதில்ல. அப்படி வந்து உட்கார்ந்தவனைப் பார்த்து மரக்கட்டைன்னுட்ட. நான் சிரிச்சுக்கிட்டுத்தான் உட்கார்ந்திருந்தேன் அன்னிக்கு. நீ ஏதோ தமாஷ் சொன்ன, நான் சிரிச்சேன். நீ அதைப் பார்க்கவே இல்ல. அதனாலதான் அப்படிச் சொன்னேன்.

படத்தை எல்லாம் மாட்டிக்கோ. கண்காட்சிக்கெல்லாம் நான் வரல.

நெவில் ஸ்டானிஃபோர்த்

*

ஷெஃபீல்ட்
2 அக்டோபர்

அன்புள்ள நெவில்,

நன்றி. உங்கள் கடிதத்தை நாலு தடவை படித்துவிட்டேன்.

ஸ்டூடியோ தரையில் நடக்க இடமில்லை. எல்லாப் படங்களையும் தேதிப்படி பரப்பி வைத்திருக்கிறேன். ஜன்னல் ஓரத்தில் 2014, கதவோரம் இந்த வருஷம். காலுறையோடு நடுவில் நடந்து நடந்து பார்க்கிறேன். ஒன்பது வருஷத்தில் உங்களுக்கு மூன்று ஸ்வெட்டர்தான் என்று இப்போதுதான் தெரிகிறது.

ஒன்று கேட்கிறேன், தப்பாக எடுத்துக்கொள்ளாதீர்கள். உங்கள் கடிதம் "சம்மதம்" என்று பெரிய எழுத்தில் தொடங்குகிறது. பக்கத்தின் அடியில் கையெழுத்துப் போடுகிற இடத்தில் எறும்பு ஊர்ந்த மாதிரி ஆகிவிட்டது. உருப்பெருக்கியை வைத்துத்தான் படித்தேன். எப்போதும் இப்படியா? நீங்கள் எழுதுவது இடது கையால்தானே; அந்தத் தோளில் வலி என்று போன குளிர்காலத்தில் சொன்னீர்களே, போய்விட்டதா? சட்டைப் பொத்தான் போடுவதில் ஏதாவது சிரமம் உண்டா?

சும்மாதான் கேட்டேன்.

ப்ரையனி

*

பிரிட்லிங்டன்
9 அக்டோபர்

ப்ரையனி கண்ணு,

நீ சும்மா எதுவும் கேட்கிற ஆளில்ல. ஒன்பது வருஷத்துல நீ என்கிட்ட கேட்டதெல்லாம் "டீ வேணுமா", "தாடையைக் கொஞ்சம் இறக்குங்க", இவ்வளவுதான். இப்ப திடீர்னு தோள் எப்படி, பொத்தான் எப்படிங்கிற.

தோள் வலி அப்படியேதான் இருக்கு. குளிர்ல பிடிச்சுக்கிட்டதுன்னு நானே தைலம் தடவிக்கிறேன். பொத்தான் போட நேரமாகுது, அதனால பொத்தான் இல்லாத சட்டையாப் போடறேன். எழுத்து சின்னதாப் போறது பேனா கோளாறு. அக்கா பின்னாடியே வந்து, "காலைத் தேய்ச்சுத் தேய்ச்சு நடக்காதே, என் கார்ப்பெட் போகுது"ன்னு கத்துறா. நான் முட்டைக்கோஸைத் தின்ன ஒரு மணி நேரம் ஆகுதாம். முட்டைக்கோஸுக்கு வேற எவ்வளவு நேரம் ஆகும்?

வயசாகுது, வேற என்ன. சுத்தி வளைக்காதே. மனசுல இருக்கிறதைச் சொல்லு.

நெவில்

*

ஷெஃபீல்ட்
14 அக்டோபர்

அன்புள்ள நெவில்,

மூன்று கடிதம் எழுதிக் கிழித்துப் போட்டுவிட்டேன். இது நாலாவது. இதை எழுதி முடித்ததும் தபால் பெட்டியில் போட்டுவிட்டுத்தான் கோட்டைக் கழற்றப் போகிறேன்.

நான் எப்படி வரைவேன் என்று உங்களுக்குத் தெரியும். முதல் பத்து நிமிஷம் வரைகிற கரித்துண்டைத் தொடாமல் பார்ப்பேன். அப்புறம் ஒரு மணி நேரத்துக்கு மேல் முகம். அதன் பிறகு தோள், ஸ்வெட்டர், நாற்காலி. கைகள் எப்போதும் கடைசி ஐந்து நிமிஷம்தான். அதற்குள் நீங்கள் "டீ ஆச்சா" என்று கேட்டுவிடுவீர்கள், எனக்கும் தோள் வலிக்கும். எதையும் யோசிக்காமல், கண்ணில் பட்டதைப் பட்டபடி இழுத்துவிட்டு, மூலையில் தேதி போடுவேன்.

அந்தக் கைகளை மட்டும் வரிசையாகப் பார்த்தேன். 2014 முதல் உங்கள் இடது கை முழங்கால் மேல் விரிந்து கிடக்கிறது. 2020 செப்டம்பரில் சுண்டுவிரல் மடிகிறது. அதற்கடுத்த வருஷம் மற்ற விரல்களும் மடிகின்றன. 2022-இல் கட்டைவிரல் உள்ளே போய்விட்டது. இந்த வருஷம் பிப்ரவரியில் வரைந்த கையில் ஒரே விரலுக்கு மூன்று கோடு இருக்கிறது. என் கவனக்குறைவு என்று அன்றைக்கு நினைத்தேன். அது என் கோளாறு இல்லை நெவில். விரல் அசைந்துகொண்டிருந்திருக்கிறது.

என் பெரியப்பாவுக்கு நடுக்குவாதம் இருந்தது. அவர் கையெழுத்தும் இப்படித்தான் சின்னதாகிக்கொண்டே போனது. முகமும் இறுகிப்போய், உள்ளே சிரித்தாலும் வெளியே தெரியாமல் ஆகிவிட்டது. நான் டாக்டர் இல்லை. தப்பாக இருந்தால் சந்தோஷப்படுவேன். ஆனால் நீங்கள் டாக்டரிடம் போக வேண்டும்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். இதுதான் சொல்லக் கஷ்டம். முகங்களையும் பார்த்தேன். 2021 கடைசியிலிருந்து எல்லா முகத்திலும் நீங்கள் ஒரு புருவத்தைத் தூக்கிக்கொண்டு, அடுத்து ஏதோ கிண்டல் சொல்லப் போகிறவர் மாதிரி இருக்கிறீர்கள். அது பழைய முகம். எனக்குப் பிடித்த முகம். எதிரே இருந்த முகத்தை விட்டுவிட்டு, ஒன்றரை வருஷம் ஞாபகத்திலிருந்து வரைந்திருக்கிறேன். ஒரு கட்டத்தில் ஞாபகமும் எதிரே இருப்பதும் ஒட்டவே ஒட்டாமல் போய்விட்டது. அப்போதுதான் உங்களை மரக்கட்டை என்றேன். நீங்கள் சொன்னதுதான் சரி. நான் உங்களைப் பார்க்கவில்லை.

பதினோரு படங்களின் கைப்பகுதியை நகல் எடுத்து இத்துடன் வைத்திருக்கிறேன். டாக்டரிடம் காட்டுங்கள்.

ப்ரையனி

*

பிரிட்லிங்டன்
20 அக்டோபர்

ப்ரையனி,

நீ என் கையை ஒன்பது வருஷம் சும்மா படம் வரையறன்னு நினைச்சேன். கேஸ் எழுதிக்கிட்டு இருந்திருக்க.

எனக்கு நோய்னு இருந்தா உன் கண்காட்சிக்குக் கூட்டம் வருமா? நல்லா வரட்டும். நான் காலையில எழுந்து குளிச்சு, நடந்து, துறைமுகம் வரைக்கும் போய் வரேன். எனக்கு ஒண்ணும் இல்ல.

இனிமே எழுதாதே.

நெ.

*

ஷெஃபீல்ட்
16 டிசம்பர்

அன்புள்ள நெவில்,

எழுதாதே என்றீர்கள். இது கிறிஸ்துமஸ் வாழ்த்து அட்டைதான், கடிதக் கணக்கில் வராது.

கலைக்கூடத்தில் சொல்லிவிட்டேன். நீங்கள் மறுபடியும் சம்மதம் சொன்னால்தான் கண்காட்சி நடக்கும். செப்டம்பரில் நீங்கள் சம்மதித்தபோது அந்தப் படங்களில் என்ன இருக்கிறது என்று உங்களுக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. நீங்கள் ஒன்றும் சொல்லாவிட்டால் சுவர் காலியாக இருக்கட்டும். எனக்கு அதில் வருத்தமில்லை. உங்கள் கோபத்தில் மட்டும்தான் வருத்தம்.

டோரீனுக்கு என் வாழ்த்து. செவ்வாய்க்கிழமைகளில் நான் யாரையும் உட்கார வைப்பதில்லை.

ப்ரையனி

*

பிரிட்லிங்டன்
25 ஜனவரி 2024

ப்ரையனி கண்ணு,

உன் நகலையெல்லாம் அன்னிக்கே கசக்கிக் குப்பையில போட்டேன். டோரீன் அக்கா எடுத்து இஸ்திரி போட்டு வெச்சிருந்திருக்கா. நிஜமாவே இஸ்திரிப் பெட்டியால தேய்ச்சிருக்கா. ஒரு வாரம் கழிச்சு சாப்பாட்டு மேசையில பதினொண்ணையும் வரிசையா வெச்சா. அதைப் பார்க்கிறதுக்கு அவ முட்டைக்கோஸே தேவலைன்னு இருந்துச்சு. கடைசில, "நான் உன்கூட வரேன்"னா. போனோம்.

இந்த ஊர் டாக்டரம்மா நடக்கச் சொன்னாங்க, விரலைத் தட்டச் சொன்னாங்க. ஹல் ஊர் பெரிய ஆஸ்பத்திரிக்கு அனுப்பினாங்க. போன வாரம்தான் அங்க நேரம் கிடைச்சுது. அந்தப் பெரிய டாக்டர் சின்னப் பையன் மாதிரி இருந்தார். என் கையைப் பிடிச்சு மடக்கி மடக்கிப் பார்த்தார். எழுதச் சொன்னார். அப்புறம் அக்கா பையைத் திறந்து உன் நகலை எடுத்து நீட்டிட்டா. நான் தடுக்கறதுக்குள்ள நீட்டிட்டா.

அவர் ரொம்ப நேரம் பார்த்தார். "யார் வரைஞ்சது?"ன்னார்.

"ஒரு சிநேகிதி."

"எப்ப தொடங்குச்சுன்னு கேட்டா யாருக்கும் சொல்லத் தெரியாது. நீங்க தேதியோட கொண்டுவந்திருக்கீங்க"ன்னார்.

நீ சொன்ன அதே நோய்தான். பார்க்கின்சன். பேரைச் சொன்னதும் எனக்கு என்ன தோணுச்சு தெரியுமா? பயம் அப்புறம்தான் வந்துச்சு. முதல்ல, அப்பாடா, நான் சோம்பேறியாகல, சிடுமூஞ்சியும் ஆகலன்னு தோணுச்சு. மூணு வருஷமா என்னை நானே திட்டிக்கிட்டு இருந்திருக்கேன் கண்ணு.

மாத்திரை கொடுத்திருக்காங்க. வாரத்துல ஒருநாள் ஒரு பொண்ணு வந்து நடக்கச் சொல்லிக் கொடுக்குது. இந்தக் கடிதம் கோடு போட்ட தாள்ல எழுதறேன், எழுத்து கோட்டைத் தொடணும்னு அந்தப் பொண்ணு உத்தரவு. மூணு நாளா எழுதறேன்.

அக்டோபர்ல நான் எழுதினது அசிங்கம். மன்னிச்சிடு.

நெவில்

*

ஷெஃபீல்ட்
29 ஜனவரி

அன்புள்ள நெவில்,

உங்கள் கடிதம் வந்ததும் மாடிப்படியிலேயே உட்கார்ந்துவிட்டேன். உருப்பெருக்கி இல்லாமல் படித்தேன். எல்லா எழுத்தும் கோட்டைத் தொடுகிறது, அந்தப் பெண்ணிடம் சொல்லுங்கள்.

நீங்கள் மன்னிப்புக் கேட்கக் கூடாது. எனக்குத் தோன்றியது சரியாகிவிட்டதே என்று அழுகையாக வருகிறது. தப்பாகியிருக்கலாம். நீங்கள் என்னைக் கிழித்து இன்னொரு கடிதம் போட்டிருக்கலாம். அது எவ்வளவு நன்றாக இருந்திருக்கும்.

கண்காட்சி பற்றி இனி நான் கேட்கப் போவதில்லை. அதைவிட வேறு ஒன்று கேட்கிறேன். ஒரு செவ்வாய்க்கிழமை வாருங்கள். உங்கள் நாற்காலி இருந்த இடத்திலேயே இருக்கிறது. உங்கள் முகத்தை நான் இன்னும் வரையவில்லை. இரண்டு வருஷக் கடன் அது.

ப்ரையனி

*

பிரிட்லிங்டன்
6 பிப்ரவரி

ப்ரையனி கண்ணு,

முதல்ல கண்காட்சி. எல்லாத்தையும் மாட்டு. நீ பொய்யா வரைஞ்ச முகங்களையும் சேர்த்துத்தான். அந்த ஒன்றரை வருஷமும் என்னை ஒருத்தி பழையபடி ஞாபகம் வெச்சிருந்தான்னு நினைச்சா எனக்கு ஒண்ணும் கெட்டதாத் தோணல. ஆனா கீழ நோய் பேரெல்லாம் எழுதி ஒட்டாதே. என் பேரும் தேதியும் போதும். புரியறவங்களுக்குப் புரியட்டும்.

வர்றதுதான் முடியாது. கோபம் எல்லாம் இல்ல. சொல்லவே வெட்கமா இருக்கு. இப்ப கை சும்மா இருக்கிறதில்ல. மாத்திரை மத்ததுக்கெல்லாம் கேட்குது. எழுந்திருக்கிறேன், நடக்கிறேன், அக்கா கார்ப்பெட் தப்பிச்சுது. இந்த ஆட்டத்துக்கு மட்டும் கேட்க மாட்டேங்குது. உட்கார்ந்து மடியில கையை வெச்சாப் போதும், ஆடத் தொடங்கிடுது. டீக்கடையில உட்கார்ந்தா அதுமேல மத்த கையை வெச்சு மூடிக்கிறேன்.

நீ கேட்டது அசையாம உட்காரத் தெரிந்த ஆளை. அது ஒண்ணுதான் நான் உனக்குக் கொடுத்தேன். இப்ப அது என்கிட்ட இல்ல. ரெண்டு மணி நேரம் உன் எதிர்ல நான் ஆடிக்கிட்டு இருந்தா நீ என்னத்தை வரைவ. நீ நல்லவ, பரவாயில்லன்னுதான் சொல்லுவ. அதைக் கேட்க எனக்குத் தெம்பு இல்ல.

வேற ஒருத்தரைப் பிடிச்சுக்கோ.

நெவில்

*

ஷெஃபீல்ட்
12 பிப்ரவரி

அன்புள்ள நெவில்,

பரவாயில்லை என்று நான் சொல்லப் போவதில்லை. வரைவது கஷ்டமாகத்தான் இருக்கும். படம் கெட்டாலும் கெடும். வாருங்கள்.

முந்நூற்று எழுபத்தெட்டு தடவை நீங்கள் அசையாமல் இருந்தும், எதிரே இருந்ததை நான் விட்டுவிட்டேன். அசையாத ஆள் எனக்கு என்ன உதவி செய்துவிட்டார்? உங்களைப் பற்றி உண்மையாக நான் போட்ட கோடு எது என்று கேட்டால், போன வருஷம் பிப்ரவரியில் ஒரே விரலுக்கு இழுத்த அந்த மூன்று கோடுகளைத்தான் காட்டுவேன்.

கையை மூடாமல் வாருங்கள். ஆடட்டும். எழுந்து நடக்க வேண்டுமானால் நடங்கள். நானும் நாற்காலியைச் சுற்றி நடக்கிறேன், எனக்கும் முதுகு வலிக்கிறது. இந்த முறை கையிலிருந்து தொடங்குகிறேன், முகம் கடைசி.

27-ஆம் தேதி செவ்வாய். பிரிட்லிங்டனிலிருந்து வண்டி மாறாமல் நேரே வருகிற காலை ரயில் ஒன்று இருக்கிறது. நான் ஸ்டேஷனில் நிற்பேன். நீங்கள் வராவிட்டால் ஒரு காப்பி குடித்துவிட்டுத் திரும்பிவிடுவேன், கோபப்பட மாட்டேன். அடுத்த செவ்வாயும் நிற்பேன்.

ப்ரையனி

*

பிரிட்லிங்டன்
1 மார்ச்

ப்ரையனி கண்ணு,

பத்திரமா வந்து சேர்ந்தேன். ஹல் தாண்டினதும் தூங்கிட்டேன், அக்கா பிரிட்லிங்டன்ல பெட்டிக்குள்ள ஏறி எழுப்பி இறக்கினா.

செவ்வாய்க்கிழமை நீ வரைஞ்ச படத்தை என் போன்ல போட்டோ எடுத்துக் கொடுத்தியே, அதை அவகிட்ட காட்டினேன். உன் பழைய படம் ஒண்ணு இங்க மாடிப்படிகிட்ட மாட்டியிருக்கு, அவளுக்கு அதைக் கண்டா ஆகாது. "யாரோ சினிமாக்காரன் மாதிரி இருக்கான்"ம்பா. இதை ரொம்ப நேரம் பார்த்தா. கையைச் சுத்தி நீ போட்டிருக்கிற அத்தனை கோட்டையும் விரலால தொட்டுப் பார்த்தா. அப்புறம், "ஆமாம், தினமும் என்கூடக் காலைச் சாப்பாடு சாப்பிடறவன் இவன்தான்"னுட்டு அடுப்படிக்குப் போயிட்டா. அங்க போய் மூக்கைச் சிந்தின சத்தம் கேட்டுச்சு.

எனக்கு அந்த முகம் முதல்ல பிடிக்கல. உன்கிட்டயே சொன்னேனே, "செத்தவன் மாதிரி இருக்கேன்"னு. நீ, "இல்ல, காத்துக்கிட்டு இருக்கிறவர் மாதிரி இருக்கீங்க"ன்ன. ரயில்ல திரும்பத் திரும்பப் பார்த்தேன். நீ சொன்னது சரியாத்தான் இருக்கு. உள்ள ஆள் இருக்கான். கதவுதான் கொஞ்சம் இறுகிக்கிச்சு. அதையும் வரிசையில கடைசியா மாட்டிடு. திறப்பு நாளுக்கு நானும் அக்காவும் வரோம். அவ புது ஷூ வாங்கிட்டா.

உன்கிட்ட ஒண்ணு சொல்லணும். நேர்ல சொல்ல வாய் வரல. நான் எப்படி அசையாம உட்கார்ந்தேன்னு நினைக்கிற? நான் அங்க இருக்கவே மாட்டேன் கண்ணு. நீ கரியைக் கையில எடுத்ததும் நான் மனசுக்குள்ள ஹாஃப்வே ஸ்டாப்புல என் டிராம் வண்டியை எடுத்துடுவேன். கிரிஸ்டல் பீக்ஸ், மேனர் டாப், ரயில் ஸ்டேஷன், கதீட்ரல், ஹில்ஸ்பரோ, மாலின் பிரிட்ஜ். கதவு திறக்கும், ஜனங்க ஏறுவாங்க, கதவு மூடும். போய்த் திரும்பினா ரெண்டு மணி நேரம் முடிஞ்சிருக்கும், நீ தேதி போட்டுக்கிட்டு இருப்ப. நீ என்னைப் பார்க்கலன்னு அன்னிக்குப் பெரிசாச் சொல்லிட்டுப் போனேனே. ஒன்பது வருஷம் நானும் உன்னைப் பார்க்கல.

இந்தச் செவ்வாய் வண்டி கிளம்பவே இல்ல. கை ஆடிக்கிட்டே இருந்தா எப்படி ஓட்டறது. சரின்னு உன்னைப் பார்த்தேன். கோடு சரியா வராதப்ப நீ கீழுதட்டைக் கடிக்கிற. இடது காதுக்கு மேல உனக்கு நரைச்சிருக்கு, அது உனக்குத் தெரியுமான்னு தெரியல. என் கையை வரையறப்ப நீ மூச்சே விடல. முகத்துக்கு வந்ததும் ரெண்டு தடவை புறங்கையால கண்ணைத் துடைச்ச, கரி கன்னம் பூரா அப்பிக்கிச்சு. அதோடயே கோட்டை மாட்டிக்கிட்டு, அதோடயே தெருவுல நடந்து, ஸ்டேஷன்ல அத்தனை பேர் நடுவுல நின்னு எனக்குக் கையசைச்ச.

நான் சொல்லியிருக்கலாம். பார்க்க நல்லா இருந்துச்சு, அதான் சொல்லல.

நெவில்